தொரையைக் கண்டு எழுந்து நின்ற உன் அம்மா

டிக்கோயா

அன்பு மகள் லோஜினிக்கு அப்பா எழுதுவது. முருகன் புண்ணியத்தில் நானும் அம்மாவும் சுகம், என் முழங்கால் மட்டும் மழையைக் கண்டால் முறைத்துக்கொள்கிறது. நீயும் அந்த டோஹா வெயிலில் நேரத்துக்குச் சாப்பிட்டு நல்லபடி இருப்பாய் என்று நம்புகிறோம். போனில் சொல்லலாம் என்றால் உன் அம்மா பறித்துக்கொள்கிறாள், அதனால்தான் கடிதம்.

சம்பள வழக்கு முடிந்துவிட்டது மகள். முழுநாள் கொழுந்து பறித்த பெண்களுக்கு அரைப்பேர் போட்டுப் பாதிச் சம்பளம் கொடுத்தாரே நம் தோட்டத்துப் புதுத் தொரை, அதே வழக்குத்தான். நீதிபதி ஐயா, இழுத்தால் வருஷக்கணக்காகும், இரண்டு பக்கமும் ஒரே மேசையில் உட்கார்ந்து பேசிப் பாருங்கள், சரிவராவிட்டால் நான் தீர்ப்புச் சொல்கிறேன் என்றார். அதிலிருந்து உன் அம்மா லயத்தில் வீடு வீடாகப் போய் ஒரே பேச்சு, தொர வந்தா ஒருத்தியும் எந்திரிக்கக் கூடாது, நாம என்ன காலையில வேலைக்குப் பேர் குடுக்கப் பெரட்டுலயா நிக்கிறோம் என்று. கோர்ட்டில் பேச உட்கார்ந்த அன்றைக்குத் தொரை கதவுக்குள் தலையை நீட்டியதுதான் தாமதம், முதல் ஆளாக எழுந்து தலைத்துணியையும் இழுத்துவிட்டுக் கும்பிட்டு நின்றவள் யார் தெரியுமா? உன் அம்மாவேதான்! அவளைப் பார்த்து மற்றப் பெண்களும் எழுந்துவிட்டார்கள். எங்கள் வக்கீலே சிரித்துவிட்டார், தொரைக்கு முகமெல்லாம் பூரிப்பு.

அந்தத் தெம்பில் அவர், எல்லாருக்கும் முழுச் சம்பளம் தருகிறேன், மீனம்மாவுக்கு மட்டும் இல்லை, அவள் பேர் பதியாமல் கைக்காசுக்கு வந்தவள் என்றார். புருஷன் போய், கைப்பிள்ளையோடு நிற்கிறாளே அந்த மீனம்மாதான். மற்றவர்கள் கையெழுத்துப் போடப் பேனாவை எடுத்துவிட்டார்கள், தீபாவளி வேறு வருகிறது. நானும் வாசலில் நின்று, போட்டுத் தொலை என்று கையைக் காட்டினேன். உன் அம்மா அசைந்தால்தானே! ஐயா, அவ கொழுந்தையும் இதே தராசுலதானே நிறுத்தீங்க, அவளுக்கு இல்லாத காசு எனக்கும் வேணாங்க, நீதிபதி ஐயாவே தீர்ப்பு சொல்லட்டும் என்றாள். கும்பிட்ட கையை இறக்காமலேதான் சொன்னாள்! எடுத்த பேனாக்கள் ஒவ்வொன்றாகக் கீழே இறங்கின. தீர்ப்பு என்றதும் தொரை அவருடைய வக்கீலைப் பார்த்தார், வக்கீல் தரையைப் பார்த்தார். கடைசியில் மீனம்மா பெயரையும் சேர்த்து எழுதி, நீதிபதி ஐயா எல்லாருக்கும் வாசித்துக் காட்டிக் கையெழுத்து வாங்கினார்.

திரும்பி வரும்போது பஸ்ஸில் ஊர் சனமெல்லாம் பார்த்திருக்க உன் அம்மா என் கையைப் பிடித்துக்கொண்டாள். கல்யாணம் கட்டி இத்தனை வருஷத்தில் அதுதான் முதல் தடவை. வீடு வரும்வரைக்கும் நானும் அந்தக் கையை விடவே இல்லை மகள்.

முருகன் உனக்குத் துணையிருப்பான், நல்லாயிரு. சம்பளம் முழுவதையும் இங்கே அனுப்பாமல் முதலில் காலுக்கு ஒரு நல்ல சப்பாத்து வாங்கிப் போட்டுக்கொள்.

இப்படிக்கு,
உன் அப்பா
கந்தப்பன்