எது உம்மைக் கொண்டுபோனது, மாப்பிள்ளை?

மாப்பிள்ளை, நாளையிலிருந்து நானும் ரத்தம் சுத்தம் பண்ணுகிற மெஷினில் படுக்க வேண்டுமாம். கோவில்பட்டி ஆஸ்பத்திரியில் அதைக் கேட்டுவிட்டுப் பஸ் ஏறினால், பக்கத்து இருக்கைக்காரர் ஒரு காகிதப் பொட்டலத்தைப் பிரிக்கிறார். வெள்ளை ஒன்று, மஞ்சள் ஒன்று, பாதியாய் உடைத்த சிவப்பு ஒன்று. உடம்புவலிக்கென்று மெடிக்கலில் டாக்டர் சீட்டு கேட்காமல் மடித்துக் கொடுக்கிற அதே செட் மாத்திரை. பசுவந்தனையில் இறங்க மறந்து எங்கேயோ போய்விட்டேன்.

ஒற்றை ஆளாய் ஒரே பகலில் பத்து ஏக்கர் கரிசலில் உளுந்து பிடுங்கினவர் என்றுதான் உம்மைப் பற்றி ஊரில் சொல்லுகிறேன். கேட்டால் நீரே சிரிப்பீர். ஆனால் சாயங்காலம் முட்டியைப் பிடித்துக்கொண்டு, "ரெண்டு செட் குடுங்க அண்ணாச்சி" என்று கடையில் நின்றது பொய்யில்லை. ஒன்று உமக்கு, ஒன்று எனக்கு. மறுநாள் இரண்டு பேரும் கிடாய் மாதிரி துள்ளி நடப்போம். வருஷக்கணக்கில் அப்படியே நடந்தோம்.

அந்த மாத்திரைதான் உம் கிட்னியைத் தின்றது என்றார் மதுரை டாக்டர். எட்டாவதைப் பாதியில் விட்டவன் நான், வக்கீல் மாதிரி மடக்கினேன்: "கெடுத்ததும் மருந்து, காப்பாத்துறதும் மருந்துன்னா எதைய்யா நம்ப?" டாக்டர் எழுந்து என் கையைப் பிடித்துக்கொண்டார் என்று எல்லோரிடமும் சொல்லி வைத்திருக்கிறேன். அவர் அடுத்த டோக்கனைக் கூப்பிட்டது உமக்குத் தெரியும்.

மெஷினுக்குப் போய்வந்த நாளெல்லாம் பிழிந்து போட்ட துணியாய்க் கிடந்தீர். ஒருநாள் சுவர்ப்பக்கம் திரும்பிக்கொண்டு சொன்னீர்: "இது என்னைப் பொழைக்க வைக்கல மச்சான். சாவ விடாம வச்சிருக்கு."

கடைசியில் அந்த மெஷின் கட்டிலிலேயே போய்விட்டீர்.

அன்றைக்கு மெஷினை நிறுத்தவே விடாத என் தங்கச்சி, உம் பெண்டாட்டி, இன்றைக்கு வந்து, "போகாத அண்ணே, அவியள அந்த மெஷின்தான் கொன்னுட்டுது" என்கிறாள். என் வீட்டுக்காரியோ, "போகாம இருந்தா மட்டும் இருந்திருவியளா?" என்று கேட்கிறாள். ஊரில் யாருக்குத் தலைவலி என்றாலும் வைத்தியம் சொல்லுகிற எனக்கு, இரண்டு பேர் சொல்லுவதும் சரியாகத்தான் படுகிறது.

நாளைக்குப் போகத்தான் போகிறேன். நம்பிக்கையில் அல்ல. வீட்டில் சும்மா படுத்துக்கிடக்கப் பயமாக இருக்கிறது, அவ்வளவுதான். பக்கத்துக் கட்டிலில் புதிதாக வந்தவர் எவராவது, இதில் குணமாகுமா என்று கேட்பார். என் மாப்பிள்ளை இதில்தான் எழுந்து நடந்தார் என்று சொல்லுவேன். உம்மை வைத்து இன்னும் என்னால் செய்ய முடிந்தது அது ஒன்றுதான்.