ஏலத்தில் போன ஸ்வீடன்காரர் பெட்டி

செப்டம்பர் 11, வியாழன்

நெவார்க்கில் உள்ள ஸ்வீடன்காரர் சர்ச்சின் (எங்கள் ஊர்ப் பேச்சில் கோவில்) சரித்திரத்தை எழுதும் வேலையை என் தலையில் கட்டிவிட்டார்கள். மருந்து கம்பெனியில் ஆவணங்களைப் பத்திரப்படுத்துகிறவளாம் நான். அதனால் தகுதி. பதினான்கு வருடமாக அவர்கள் கோவிலில்தான் மதியம் இரண்டு மணிக்கு எங்கள் தமிழ் ஆராதனை. அவர்களில் மிஞ்சியிருப்பது பதினொரு பேர். கட்டடத்தை எங்கள் சபைக்குத் தருவதா, அடுக்குமாடி கட்டுகிறவருக்கு விற்பதா என்று 28ந் தேதி ஓட்டு.

இங்கிரிட் அம்மாள் பழைய பெட்டியை என்னிடமே தந்துவிட்டார். எண்பத்தாறு வயது, ஸ்வீடிஷ் படிக்கத் தெரிந்த கடைசி ஆள். 1906 முதல் எல்லாக் கூட்டக் குறிப்பும் அதில்தான். நீல மரம், சிவப்புப் பூ வரைந்தது. சாவி என் கைப்பையில்.

செப்டம்பர் 13, சனி

இங்கிரிட் வாசித்துச் சொல்லச் சொல்ல எழுதிக்கொண்டேன். முதலில் பதினேழு பேர். வீட்டுவேலைப் பெண்கள், தச்சர்கள். சொந்தக் கோவில் கிடையாது. ஜெர்மன்காரர் கோவிலில் வாடகைக்கு, மதியம் இரண்டு மணிக்கு. காபி வாசனை போகவே மாட்டேன் என்கிறது என்று ஜெர்மன்காரர் புகார்.

எனக்குச் சிரிப்பு அடங்கவில்லை. எங்கள் பிரியாணி வாசனை பற்றிப் போன மாதம்தான் இவர்களிடமிருந்து ஈமெயில் வந்தது.

செப்டம்பர் 14, ஞாயிறு

பெட்டி போச்சு.

இன்று அறுப்பின் பண்டிகை. பூசணி, வாழைத்தார், கேக் எல்லாவற்றையும் பீடத்தின் முன் குவித்து, ஆராதனை முடிந்ததும் ஏலம். காரில் விட்டுவைக்கப் பயந்து நான் பெட்டியைப் பீடத்தின் ஓரமாக வைத்துவிட்டுக் கீழே பரிமாறப் போனேன். பீடத்தின் முன் இருப்பதெல்லாம் ஏலத்துக்கு என்று நாகர்கோவிலில் பிறந்த எனக்குத் தெரியாதா? என்ன புத்தி இது?

ஏலம் விட்டவர் சபைச் செயலாளர் தேவதாஸ் அங்கிள். சாவகாசமாகச் சொல்கிறார்: "பூப்போட்ட பெட்டிதானே? நல்லா போச்சு மக்கா. சாவி பொறவு தாறேன்னு சொல்லித்தான் குடுத்தேன்."

யார் வாங்கியது?

"பொடவ கெட்டுன ஒரு அம்மா. நம்ம சபை இல்ல."

எங்கள் அபார்ட்மென்ட் முழுக்கப் பண்டிகைக்குக் கூப்பிட்டதும் நான்தான்.

செப்டம்பர் 16

பெட்டியை யார் வாங்கியது என்று அபார்ட்மென்ட் வாட்ஸாப் குழுவில் கேட்டேன். இரண்டு பேர் கட்டைவிரல் காட்டியிருக்கிறார்கள். எதற்கு?

செப்டம்பர் 18, வியாழன்

இங்கிரிட் ஃபோன். எழுத்து எப்படிப் போகிறது என்றார். நன்றாகப் போகிறது என்றேன். பொய்.

"ஓட்டு முடியட்டும், அதுவர வாயத் தொறக்காத. நாலு பேரு மொகம் சுளிச்சா கட்டடம் போச்சு" என்கிறார் அங்கிள். அவர் சொல்வதும் நியாயம்தான். ஆனால் ஆபீஸில் ஒரு காகிதம் இடம் மாறினால் மூன்று பக்கம் விளக்கம் எழுத வைக்கிறவள் நான்.

செப்டம்பர் 23, செவ்வாய்

மூன்றாவது மாடி நாகமணி ஆன்ட்டி, கோயம்புத்தூர்க்காரர், கொலுவுக்குக் கூப்பிட்டார். மனசே இல்லாமல் போனேன். ஐந்து படி. கீழ்ப்படியில் விரிப்பு லேசாக விலகியிருந்தது. நீல மரம். சிவப்புப் பூ.

"பொட்டி பலமா இருந்துச்சு கண்ணு. அளவெடுத்தாப்ல உக்காந்துக்கிச்சு." வாட்ஸாப் பார்க்கவில்லையா? "எப்பப் பாரு குட் மார்னிங். அதை எவ பாப்பா?"

விஷயத்தைச் சொல்லிக் கேட்டேன். பாவம், பதறிப்போனார். ஆனாலும் அசையவில்லை. "படி வெச்சா வெச்சதுதான் கண்ணு. விஜயதசமி முடியாம கை வெக்கக் கூடாது."

விஜயதசமி அக்டோபர் 2. ஓட்டு 28.

செப்டம்பர் 24

அங்கிளைக் கேட்காமலே இங்கிரிடிடம் சொல்லிவிட்டேன். "எங்கே இருக்கிறது என்று காட்டு" என்றார்.

செப்டம்பர் 26, வெள்ளி

இங்கிரிடைக் கூட்டி வந்தேன். டர்ன்பைக் நெடுஞ்சாலையில் ஒரு மணி நேரம்.

கொலுவுக்கு எதிரே நாற்காலியில் உட்கார்ந்து பெட்டியையே பார்த்தார். ஆன்ட்டி குங்குமமும் சுண்டலும் கொடுத்துவிட்டு என்னிடம், "கொலுவுக்கு வந்தவங்க ஒரு பாட்டுப் பாடோணும். சொல்லு அவங்ககிட்ட" என்றார். வெட்கமாக இருந்தது. சொன்னேன்.

இங்கிரிட் பாடினார். ஸ்வீடிஷில், இரண்டு சரணம். குரல் நடுங்கியது, சுதி விலகவில்லை. கோவிலில் இதைப் பாடி நாற்பது வருடமாகிறதாம். கூடப் பாட ஆளில்லையாம். ஆன்ட்டி கண்ணைத் துடைத்துக்கொண்டார். நானும்தான்.

திரும்பும்போது சொன்னார்: அவர் சிறுமியாக இருந்தபோது அவர்கள் கோவில் ஏலத்தில் பாஸ்டரின் தொப்பியையே தவறி விற்றுவிட்டார்களாம். நான் சிரித்தேன். அவர் சிரிக்கவில்லை. "மற்ற பத்துப் பேரிடமும் பெட்டியைப் பற்றி நான் சொல்லியாக வேண்டும்" என்றார்.

செப்டம்பர் 28, ஞாயிறு

கூட்டம் நடக்கிறது. முடிவைப் பிறகு சொல்வார்களாம். காரில் உட்கார்ந்து கிறுக்குகிறேன். இங்கிரிடிடம் சொன்னதற்காக அங்கிள் என்னோடு பேசவில்லை. என்னால் சபைக்கு இடம் கிடைக்காமல் போனால் எந்த முகத்தோடு உள்ளே போவேன்?

அக்டோபர் 3, வெள்ளி

ஆன்ட்டி பெட்டியைத் துடைத்து, மூலையில் மஞ்சள் குங்குமம் வைத்துக் கொடுத்தார். இங்கிரிடிடம் கொண்டுபோய் வைத்ததும் அதை அழிக்கப் போனேன். இங்கிரிட், "இருக்கட்டும்" என்றார்.

சாவி போட்டுத் திறந்தோம். குறிப்புகள் 1938 வரை ஸ்வீடிஷ், அப்புறம் ஆங்கிலம். கடைசிப் புத்தகத்தில் வெற்றுப் பக்கங்கள் நிறைய. ஞாயிற்றுக்கிழமை ஓட்டுக் கூட்டத்தின் குறிப்பு இன்னும் ஏறவில்லை. பேனாவை என் கையில் தந்தார்.

"தருவதற்குச் சம்மதம் எட்டு, இல்லை மூன்று. எழுது."

எந்த மொழியில் என்று கேட்டேன்.

"இனி இதை வாசிக்கப்போவது யார்?"

தேதியைத் தமிழில் போட்டேன்.