எதிர் வீட்டில் இருக்க வேண்டிய சாவி

அக்கா,

இன்று காலை தபால்காரர் மணி அடித்தார். உறையை வாங்க வாசலுக்கு வெளியே ஓரடி வைத்தேன். காற்றில் கதவு தானாகப் பூட்டிக்கொண்டது. இரண்டு சாவியும் உள்ளே, போனும் உள்ளே. கொரட்டூரில் நம் பழைய குடியிருப்பு நின்ற அதே இடத்தில்தான் இந்தப் புது வீடும். ஆனாலும் ஏழாவது மாடியில் உரிமையோடு தட்டிக் கூப்பிட ஒருவரும் இல்லை. வாட்ச்மேனிடம் சொல்லித் தச்சருக்கு ஆள் அனுப்பிவிட்டு, படிக்கட்டில் உட்கார்ந்து உறையைப் பிரித்தேன். வீட்டு வசதி வாரியத்தின் மேல் நாம் போட்ட வழக்கின் தீர்ப்பு.

மேல்முறையீடு செய்த இருவரில் ஒருவர் இறந்துவிட்டார், மற்றவர் புது வீட்டை ஏற்றுக்கொண்டார், பழைய கட்டடமே இப்போது இல்லை. ஆகவே தீர்மானிக்க ஒன்றும் மிச்சமில்லை என்று முடித்துவிட்டார்கள். இறந்தவர் நீ. ஏற்றுக்கொண்டவள் நான்.

நீ அப்படி என்னதான் கேட்டுவிட்டாய்? இடிக்காதே என்றுகூடச் சொல்லவில்லை. "இடிச்சிக்கட்டும் சார். குலுக்கல் போட்டு ஆளுக்கொரு மூலைல தூக்கிப் போடாம, எதிர் ஊட்டுக்காரங்கள எதிரெதிராவே வையின்னு எழுதிக் குடுக்கச் சொல்லு," என்றாய் நம் வக்கீலிடம். அவர் சிரித்தார். "சிரிக்காத சார். என் சாவி அவகிட்ட கீது, அவ சாவி என்கிட்ட கீது."

அப்படித்தான் இருந்தோம். அடையாளத்துக்கு என் சாவியில் பச்சை நூல் கட்டி உன் சமையலறை ஆணியில் மாட்டியிருந்தாய். நான் ஷிப்ட் முடிந்து வரும்போது நோன்புக் கஞ்சி என் அடுப்பின் மேல் சுடச்சுட இருக்கும். நோன்பு உனக்கு, கஞ்சி எனக்கா என்று கேலி செய்வேன்.

பிறகு ஒருநாள் மேற்கூரை பெயர்ந்து என் மகளின் தலைமாட்டில் விழுந்தது. பயந்துபோனேன் அக்கா. இரண்டு சாவியையும் ஒப்படைத்தால்தான் காலி செய்ததாக எடுத்துக்கொள்வோம் என்றார்கள் வாரியத்தில். உன்னிடம் வந்து, "என் சாவி தொலஞ்சி போச்சிக்கா, அத்த குடு," என்றேன். ஒரு வார்த்தை கேட்காமல் எடுத்துக் கொடுத்தாய். காட்டுப்பாக்கத்தில் தங்கை வீட்டில் பத்து நாள் இருந்துவிட்டு வருவதாகவும் சொன்னேன். நூலை மட்டும் அவிழ்த்து வைத்துக்கொண்டு சாவிகளைக் கொடுத்துவிட்டேன்.

அடுத்த வாய்தாவில் வாரியத்தின் வக்கீல், புது வீட்டுக்குச் சம்மதித்து நான் கையெழுத்துப் போட்ட தாளை நீட்டினார். நீ என் பக்கம் திரும்பவே இல்லை. திரும்பும் ரயில் வில்லிவாக்கம் தாண்டிய பிறகுதான் பேசினாய். "கேட்டிருந்தா நானே குடுத்திருப்பேனேடி. எதுக்குப் பொய் சொன்ன?"

கரண்ட்டை நிறுத்திய பிறகும் ஒரு மாதம் நீ மட்டும் அங்கே இருந்தாய். அப்புறம் நசரத்பேட்டையில் உன் மகன் வீடு. அங்கேயே கண்ணை மூடினாய். மௌத்துக்கு வந்தேன். உள்ளே வர முகமில்லாமல் தெருவிலேயே நின்றுவிட்டுத் திரும்பினேன்.

மகளும் கல்யாணமாகிப் போய்விட்டாள். இன்று மதியம் தச்சர் வந்து பூட்டை உடைத்துப் புதுசு போட்டார். இரண்டு சாவியையும் நீட்டி, "ஒண்ண எதிர் ஊட்ல குடுத்து வைம்மா," என்றார். எதிர்க்கதவு வரைக்கும் போனேன். தட்டக் கை வரவில்லை.

பச்சை நூலை அந்தச் சாவியில் கட்டி, சமையலறையில் ஓர் ஆணி அடித்து மாட்டியிருக்கிறேன், நீ மாட்டியிருந்த அதே உயரத்தில். நாளைக்கு மறுபடியும் கதவு சாத்திக்கொண்டால் அது உள்ளேதான் இருக்கும், அக்கா. நான் படிக்கட்டில் இருப்பேன்.