பெருக்கி வைத்த நிலம்

என் ரோஷக்காரிக்கு,

சாலைக்கு எடுக்கும் நம் நிலத்தைப் பார்க்க அதிகாரி வருகிறார் என்றதும், விருந்தாளி வருவதுபோல் கத்தரிச் செடிகளைக்கூடப் பிடுங்கிவிட்டுப் பெருக்கி வைத்தாய். அவரோ "தரிசு" என்று எழுதிப் பயிருக்கான இழப்பீட்டு மனுவைத் தள்ளிவிட்டார். அதற்காக உன் அண்ணன் வீட்டில் போய் ஒளிந்துகொள்வாயா?

வக்கீல் சிரிக்கிறார். "தள்ளிட்டா முடிஞ்சு போச்சா? மேல்முறையீடு உங்க உரிமை. அக்கம்பக்கத்து சாட்சியோட மறுபடி விசாரிக்கச் சொல்லலாம். நிலம் உங்க ரெண்டு பேர் மேலயும் இருக்கு, உங்க வீட்டம்மாவும் கையெழுத்துப் போடணும்."

மாதக் கடைசிக்குள் போட வேண்டும். வா. துடைப்பத்தை மட்டும் ஒளித்து வைத்திருக்கிறேன்.

கையெழுத்தைத் தபாலில் அனுப்பினாலும் போதுமாம். அதை நான் உனக்கு எழுதவில்லை என்று வைத்துக்கொள்.

உன் வீட்டுக்காரன்