பீரோ சாவியும் வியாழக்கிழமை அம்மாவும்

மார்ச் 4, செவ்வாய்
பட்டறையில் ஆறு பேருக்கும் சம்பளம் கொடுத்தாயிற்று. எனக்கு இந்த மாதமும் ஒன்றுமில்லை. அட்டைப்பெட்டி மிஷினுக்கு வேலை வந்தபடி இருக்கிறது, கையில்தான் காசு தங்க மாட்டேனென்கிறது. வீட்டுப் பத்திரத்தைப் பாங்கில் வைப்பதைத் தவிர வழி தெரியவில்லை. பத்திரம் பீரோவுக்குள் இருக்கிறது; என் வீட்டுக்காரரிடம் சாவியைக் கேட்டால், "எங்கயோ வச்சேன், தேடணும்" என்கிறார்.

மார்ச் 6, வியாழன்
கணக்கைப் பார்க்க அண்ணன் சொன்ன பகுதி நேர நிதி நிர்வாகி அம்மா வந்தார். பெரிய கம்பெனியில் இருந்தவராம். வாரத்தில் வியாழக்கிழமை மட்டும் வருவார், அந்த ஒரு நாளுக்குச் சம்பளம். பில் கட்டுகளை ஒரு மணி நேரம் புரட்டிவிட்டு, அந்த அம்மா மிஷின் பக்கத்தில் போய் நின்றுகொண்டார். கையில் கடிகாரம், ஒரு துண்டுக் காகிதம். சாயங்காலம் வரை அதேதான். காசைக் கரியாக்குகிறேனோ?

மார்ச் 11
சாவி இன்னும் கிடைக்கவில்லை.

மார்ச் 13, வியாழன்
அந்த அம்மா காகிதத்தை நீட்டினார். எங்களிடம் அதிகம் வாங்கும் செருப்புக் கடைக்காரர் வாரத்துக்கு ஒன்பது அளவில் பெட்டி கேட்கிறார். அளவு மாறும்போதெல்லாம் அட்டையை வெட்டும் அச்சை மாற்ற முக்கால் மணி நேரம் மிஷின் நிற்கிறது. நான் பெட்டிக்குத்தான் விலை போட்டேன், நிற்கிற நேரத்துக்குப் போடவே இல்லை. பதினெட்டு வருஷமாக.

"உங்க பெரிய வாடிக்கையாளருக்கு நீங்கதான் பணம் குடுத்துட்டு இருக்கீங்க."

சுருக்கென்றது. முதல் ஆர்டர் தந்த மனுஷன். அவர்கிட்ட போய் எப்படி விலை ஏத்துறது? வேற இடம் பாத்துக்கறேன்னுட்டா? ஆறு குடும்பம் —

"விலைய ஏத்த வேண்டாம். ஒரே அளவை மொத்தமா எடுத்தா பழைய விலை. அச்சு மாத்தினா அதுக்குக் கூலி தனி. எது வேணும்னு அவரே சொல்லட்டும்."

மார்ச் 18, செவ்வாய்
இரண்டு விலையையும் எழுதி எடுத்துக்கொண்டு செருப்புக் கடைக்குப் போனேன். தனியாக. செவ்வாய்க்கிழமைக்கு அந்த அம்மாவுக்குச் சம்பளம் இல்லையே. செருப்புக் கடைக்காரர் படித்துவிட்டுக் கண்ணாடியைக் கழற்றினார்.

"பெட்டி தீரத் தீரக் கேட்டுட்டே இருந்தோம். நீங்க ஒண்ணும் சொல்லலயே, கஷ்டமில்லன்னு நினைச்சேன். மாசத்துக்கு ஒருதடவை மொத்தமா எடுத்துக்கறேன்மா."

அவ்வளவுதான். வெளியே வந்து கடைப் படியிலேயே உட்கார்ந்துவிட்டேன். அப்பாடா.

மே 6, செவ்வாய்
மிஷின் சும்மா நின்ற நேரத்தில் இப்போது வேறு இரண்டு ஆர்டர் ஓடுகிறது. ஆறு பேர் சம்பளம் போக, ஏழாவது கவரில் என் பெயரை எழுதினேன். பத்திரத்தைப் பாங்கில் வைக்க வேண்டாம் என்று வீட்டில் சொன்னேன். என் வீட்டுக்காரர் சாப்பிட்டுக் கைகழுவி வந்து, தன் மூக்குக்கண்ணாடிக் கூட்டைத் திறந்து, பீரோ சாவியை எடுத்து என் முன்னால் வைத்தார்.

"கிடைச்சிருச்சு" என்றார்.