ஹாலமின் கடைவாய்ப் பல்

1931 மார்ச் 3, செவ்வாய்

மிஸ்டர் ஹாலம் இன்றும் ஈரலையும் வெங்காயத்தையும் தொடவில்லை. கடைவாய்ப் பல் வலிக்கிறதாம். அம்மாவின் சமையலை அவர் மிச்சம் வைத்து நான் பார்த்ததில்லை.

அப்பா இறந்த பிறகு ரோவர்ஸ் கால்பந்துக் கிளப் மிஸ்டர் ஹாலமை எங்கள் வீட்டு மாடியறையில் குடிவைத்தது. கோல் அடிக்கவேண்டிய முன்வரிசை ஆட்டக்காரர். ஆனால் இலையுதிர் காலத்திலிருந்து ஒரு கோல்கூட இல்லை. மே மாதம் யாரை வைத்துக்கொள்வது, யாரை அனுப்புவது என்று இயக்குநர்கள் முடிவு செய்வார்கள். அனுப்பிவிட்டால் டர்ஹாமில் நிலக்கரிச் சுரங்கத்துக்குத் திரும்பவேண்டியதுதான். அப்புறம் நான் யாருக்குக் கலைக்களஞ்சியம் வாசிப்பேன்? இரண்டாம் தொகுதியில் பாதிதான் வந்திருக்கிறோம். வேறு யாரும் தூங்காமல் கேட்பதில்லை.

பக்கத்து வீட்டு டோரிஸுக்கு அடுத்த வாரம் கல்யாணம். அவள் அப்பா கல்யாணச் சீராக அவளுடைய பற்கள் அனைத்தையும் பிடுங்கிப் பொய்ப்பல் கட்டிக் கொடுத்திருக்கிறார். கட்டிக்கொள்கிறவனுக்கு இனிப் பல் வைத்தியச் செலவே இல்லை. தெருவே மெச்சுகிறது. லண்டனிலிருந்து வந்த எங்கள் ஆசிரியை மிஸ் பெட்டிஃபரிடம் சொன்னேன். உட்கார்ந்துவிட்டார்.

மார்ச் 7, சனி

இரண்டு கோல்! மிஸ்டர் ஹாலம்! கன்னம் பன் ரொட்டி மாதிரி வீங்கியிருக்க, இரண்டு கோல்!

மார்ச் 10, செவ்வாய்

இன்று நடந்ததை எழுதினால் யாரும் நம்பமாட்டார்கள். ஆனாலும் நடந்தது.

மிஸ்டர் ஹாலம் பல் வைத்தியரின் நாற்காலியில் வாயைத் திறந்து உட்கார்ந்திருந்தாராம். கிளப் தலைவர் மிஸ்டர் பார்ட்டிங்டன் உள்ளே புகுந்து, துணியைக் கழுத்திலிருந்து உருவி, அவரை வெளியே இழுத்துவந்துவிட்டார். பார்ட்டிங்டன் எங்கள் ஊர் சவப்பெட்டிக் கடைக்காரர். அவசரத்துக்கு வேறு வண்டி இல்லாததால் சவ வண்டியிலேயே வந்திருந்தார். மிஸ்டர் ஹாலம் அதில் வீடு வந்து இறங்கியபோது தெருவில் ஆண்கள் எல்லாரும் தொப்பியைக் கழற்றினார்கள்.

பல் வலித்ததால்தான் கோல் விழுந்தது என்பது இயக்குநர் குழுவின் தீர்மானம். கசாப்புக்கடைக்காரர் முன்மொழிய, தொப்பிக் கடைக்காரர் வழிமொழிந்தாராம்.

"ஒப்பந்தத்துல கையெழுத்துப் போட்டிருக்கான்ல? தலையிலேருந்து கால்வரைக்கும் கிளப்புக்குத்தான். பல்லும் அதுல அடக்கம்" என்றார் தலைவர், எங்கள் சமையலறையில் நின்றுகொண்டு.

அம்மா உருளைக்கிழங்கு சீவுவதை நிறுத்தவில்லை. "பல்லு உங்களோடது, சரிங்க. வலி யாரோடது?"

அதற்கு விதி இல்லை போலும். மிஸ்டர் பார்ட்டிங்டன் தொப்பியைப் போட்டுக்கொண்டு போய்விட்டார்.

மார்ச் 11

ஒரு மனிதனின் பல் இன்னொருவருக்குச் சொந்தமாக முடியுமா என்று மிஸ் பெட்டிஃபரிடம் கேட்டேன். பூகோள வகுப்பில் கேட்கிற கேள்வி இல்லையாம்.

மார்ச் 14, சனி

மறுபடி கோல். வலி தணிந்துவிடக் கூடாதென்று கிளப்பிலிருந்து ஒரு டப்பா வெல்லப்பாகு மிட்டாய் வந்தது. அம்மா அதைக் கோழிகளுக்குப் போட்டார். ஒரு கோழிக்கு அலகு ஒட்டிக்கொண்டது.

மார்ச் 21, சனி

நானும் அம்மாவும் மைதானத்துக்குப் போனோம். கூட்டத்தில் பாதிப்பேர் ரோவர்ஸ் துண்டைத் தாடையைச் சுற்றி உச்சந்தலையில் முடிச்சுப் போட்டிருந்தார்கள். ஊருக்கே பல்வலி வந்த மாதிரி.

நான் பந்தைப் பார்க்கவில்லை, மிஸ்டர் ஹாலமையே பார்த்தேன். முன்பெல்லாம் "எனக்கு! இங்க! எனக்கு!" என்று கத்திக்கொண்டே ஓடுவார். எதிரணியின் தடுப்பாட்டக்காரர் திரும்பிப் பார்க்காமலே அவர் இருக்கும் இடத்தைத் தெரிந்துகொள்வார். இப்போது வாயைத் திறந்தால் காற்றுப் பட்டு உயிர் போகிறது. ஆகவே சத்தமில்லை. தடுப்பாட்டக்காரர் தேடி முடிப்பதற்குள் கோல்.

வீடு திரும்பும் வழியில் அவரிடம் இதைச் சொன்னேன். மிஸ்டர் ஹாலம் விளக்குக் கம்பத்தடியில் நின்றுவிட்டார்.

"நெசமாவா பாப்பா? நான் அவ்ளோவா கத்துவேன்?"

"எங்க வீட்டுக் கொல்லை வரைக்கும் கேக்கும்" என்றார் அம்மா.

தலைவருக்கு வரைபடம் போட்டு விளக்கலாம் என்றேன். போய் விளக்கினேன். எனக்கும் மிட்டாய் கொடுத்து அனுப்பிவிட்டார்.

ஏப்ரல் 16, வியாழன்

வீக்கம் கண்வரை ஏறிவிட்டது. காய்ச்சல். நேற்று என்னைத் தன் அம்மா என்று நினைத்துப் பேசினார். சீழ் ரத்தத்தில் கலந்தால் ஆள் பிழைக்கமாட்டார் என்று மருத்துவர் சொல்லிவிட்டார். பல் வைத்தியர் வாசலில் கிளப் தன் கோல்கீப்பரைக் காவலுக்கு நிறுத்தியிருக்கிறது.

நான் அழவில்லை என்று எழுத நினைத்தேன். அழுதேன். இது என்ன கூத்து? ஒரு ஆள் சாகப் போறார், இவங்க பந்தைப் பத்திப் பேசறாங்க—

அம்மா இடுப்பில் கட்டியிருந்த சமையல் ஏப்ரனைக் கழற்றிவிட்டுத் தொப்பியைப் போட்டார். நான் கோல்கீப்பரிடம் போய் மனித உடலின் எலும்புகளைப் பற்றிக் கேட்க ஆரம்பித்தேன். அம்மா, பல் வைத்தியர் அறைக்குக் கீழே இருக்கும் மீன்கடையின் பின்வாசல் வழியாக மிஸ்டர் ஹாலமைத் தோளில் தாங்கி உள்ளே கொண்டுபோனார். நான் வந்து பார்த்தபோது அவர் பயத்தில் பல்லைக் கடித்துக்கொண்டிருந்தார்.

"வாயைத் தொற, செப்" என்றார் அம்மா.

செப் என்பது அவருடைய முதற்பெயர். இத்தனை வருஷமும் அம்மா மிஸ்டர் ஹாலம் என்றுதான் கூப்பிட்டிருக்கிறார். அவர் உடனே திறந்தார்.

ஏப்ரல் 22

காய்ச்சல் இல்லை. ஈரல், வெங்காயம், மிச்சமில்லை.

ஏப்ரல் 30, வியாழன்

வீக்கம் வடிந்தது தெரிந்தால் சனிக்கிழமை கடைசி ஆட்டத்தில் அவரைச் சேர்க்கமாட்டார்கள். அதில் தோற்றால் ரோவர்ஸ் கீழ்ப் பிரிவுக்கு இறங்கிவிடும். மிஸ்டர் ஹாலம் சுரங்கத்துக்கு. கன்னத்துக்குள் எதையாவது அடக்கிக்கொள்ளலாம் என்பது என் யோசனை. கோலிக்குண்டு விழுங்கிவிடும் அபாயம். உருளைக்கிழங்கு கரைகிறது. ஓடு உடைக்காத அக்ரூட் கொட்டை பிரமாதம். முழு வீக்கம், கத்தவும் முடியாது.

மே 2, சனி

முக்கால் ஆட்டம் வரை இரண்டு பக்கமும் ஒன்றுமில்லை. பிறகு பந்து வலப்புறமிருந்து வந்தது. மிஸ்டர் ஹாலம் யாரும் பார்க்காத இடத்தில் சத்தமில்லாமல் நின்றார். தலையால் ஒரே முட்டு. கோல்!

சந்தோஷத்தில் எல்லாவற்றையும் மறந்து வாயைத் திறந்து அலறினார். அக்ரூட் பறந்தது. எல்லைக்கோட்டோரம் உட்கார்ந்திருந்த தலைவரின் காலடியில் போய் விழுந்தது.

அம்மா என் கையைப் பிடித்தார். நகம் பதிந்தது.

மிஸ்டர் பார்ட்டிங்டனுக்குக் கிட்டத்தில் இருப்பது சரியாகத் தெரியாது. குனிந்து எடுத்தார். தடவிப் பார்த்தார். எழுந்து நின்று தொப்பியைக் கழற்றினார். "அடேயப்பா. இவ்ளோ பெரிய பல்லையா இந்தப் பய தாங்கிக்கிட்டிருந்தான்?" என்றார். கண்ணில் தண்ணீர்.

வென்றோம்.

மே 9, சனி

மிஸ்டர் ஹாலமை அடுத்த பருவத்துக்கும் வைத்துக்கொண்டார்கள். பல்லைக் கோப்பைகளுக்கு நடுவே கண்ணாடிப் பெட்டியில், சவப்பெட்டிக்குப் போடும் உயர்ந்த ரகப் பட்டின்மேல் வைத்திருக்கிறார்கள். போய்ப் பார்த்தேன். அக்ரூட்தான். வரிசையில் நின்ற எல்லாருக்கும் அது தெரியாமல் இருந்திருக்காது. யாரும் எதுவும் சொல்லவில்லை. நானும் சொல்லவில்லை.

மே 19, செவ்வாய்

மிஸ்டர் ஹாலம் மிச்சப் பற்கள் எல்லாவற்றையும் எடுத்துவிட்டு வந்தார். நல்ல பற்கள்தானே, எதற்கு என்று கேட்டேன். முகம் சிவந்து, மாடிக்குப் போய்விட்டார்.

மே 21, வியாழன்

பள்ளிவிட்டு வந்தால் அம்மா அடுப்பருகே உட்கார்ந்திருக்கிறார். தாடையைச் சுற்றித் துண்டு, பல் பிடுங்கிய அன்று டோரிஸ் கட்டியிருந்த மாதிரி. எதிரே மிஸ்டர் ஹாலம், அவருக்கும் துண்டு. டோரிஸின் அம்மாவிடம் போய்க் கல்யாணக் கேக் தட்டை இரவல் கேட்டு வா என்று அம்மா சைகையிலேயே சொன்னார்.

இரவுச் சாப்பாடு சூப். இரண்டு பேராலும் வாய் திறக்க முடியவில்லை. ஆகவே நான் மூன்றாம் தொகுதியைத் தொடங்கினேன். நடுவில் யாரும் எழுந்து போகவில்லை.