சனிக்கிழமை மேக்ரோனி

வின்னிபெக்
ஜனவரி 11, 1993

அன்புள்ள ஸ்டெஃபி ஆன்ட்டிக்கு,

என்னை நினைவிருக்கிறதா? உங்கள் வீட்டு மாடியில், கோழிப் படம் போட்ட திரைச்சீலை தொங்கும் அறையில், பத்து வயதிலிருந்து பதிமூன்று வரை இருந்த ரோன்டா. அரசாங்கம் உங்களிடம் வளர்க்கக் கொடுத்த பிள்ளைகளில் அதிகம் வாயாடியவள். மெட்ரோ அங்கிளின் டிராக்டரைக் கொட்டகைச் சுவரில் கொண்டுபோய் மோதியவள் என்றால் கட்டாயம் நினைவு வந்துவிடும்.

எனக்கு இப்போது ஒரு மகள் இருக்கிறாள். மிஸ்டி. ஐந்து வயது. அவளை நவம்பரில் என்னிடமிருந்து எடுத்துக்கொண்டு போய்விட்டார்கள்.

நான் சாயங்காலங்களில் அலுவலகக் கட்டடங்களைத் துடைக்கப் போவேன். அப்போது பக்கத்து வீட்டுப் பெண் வந்து மிஸ்டியைப் பார்த்துக்கொள்வாள். அன்றைக்கு அவள் வரவில்லை. மிஸ்டி தூங்கிவிட்டாள், சீக்கிரம் முடித்துக்கொண்டு ஓடிவந்துவிடலாம் என்று கதவைப் பூட்டிவிட்டுப் போனேன். அவள் எழுந்து, பசித்து, மேக்ரோனி பெட்டியைப் பிரிக்கத் தெரியாமல் அட்டையோடு அடுப்பின் மேல் வைத்துத் திருகியிருக்கிறாள். புகையைப் பார்த்து மேல்வீட்டுக்காரர் கதவை உடைத்திருக்கிறார். குழந்தைக்கு ஒன்றுமில்லை. திரைச்சீலையும் சுவரும்தான் எரிந்தன.

இப்போது வேறொரு குடும்பத்தில் இருக்கிறாள். சனிக்கிழமைகளில் மட்டும் பார்க்கலாம். சமையலறை உள்ள ஒரு பொது அறை. திருமதி பிரூயிட் என்ற அதிகாரி மூலையில் உட்கார்ந்து எழுதிக்கொண்டே இருப்பார். நான் எதைக் கொண்டுபோனாலும் மிஸ்டி தொடுவதில்லை. நீங்கள் பெட்டி மேக்ரோனியில் ஏதேதோ சேர்த்துச் செய்வீர்களே, அதைச் செய்து பார்க்கலாமா என்று தோன்றுகிறது. எத்தனை தடவை செய்தும் எனக்கு அந்த ருசி வரவில்லை. என்ன போடுவீர்கள் என்று எழுதுவீர்களா?

வீட்டில் போன் இல்லை. அதனால்தான் கடிதம்.

ரோன்டா


டாஃபின்
ஜனவரி 18, 1993

என் ரோனிக் கண்ணுக்கு,

தபால் பெட்டியிலிருந்து உன் கடிதத்தை எடுத்துவந்த மெட்ரோ, "யாரோ ரோன்டாவாம்"னு சொல்லி மேசையில் போட்டார். பூட்ஸை ஒரு காலில் கழற்றிவிட்டு அப்படியே நின்றார். "அடியே, டிராக்டர் ரோன்டா!" என்று கத்தினார். அந்தச் சுவரை இன்னும் சரிசெய்யவில்லை. பலகை அடித்து வைத்திருக்கிறார்.

கிறிஸ்துமஸ் வாழ்த்து அனுப்பி அனுப்பி எனக்குத் திரும்பித்தான் வந்தது. ஒரு வரி போட்டிருக்கக் கூடாதா? சரி, இப்போது போட்டாயே, போதும்.

குழந்தை தப்பித்ததே பெரிது. மற்றதைப் பற்றி நான் ஒன்றும் சொல்லப்போவதில்லை. சொல்ல ஊரில் ஆட்கள் நிறைய இருப்பார்கள்.

மேக்ரோனி விஷயம் இதுதான். வெந்ததும் அந்தத் தண்ணீரில் கொஞ்சம் ஒரு கோப்பையில் எடுத்து வை. பால், பெட்டியில் சொல்லியிருப்பதில் பாதி போதும். சீஸ் பொடியை நேரே கொட்டாதே. வெண்ணெயும் பாலும் சேர்த்துக் குழைத்து, எடுத்துவைத்த தண்ணீரால் இளக்கிக்கொள். தனியாக ஒரு வாணலியில் வெங்காயத்தை வெண்ணெயில் நிதானமாக வதக்கு. பூண்டு சாசேஜை வட்டம் வட்டமாக நறுக்கி அதிலேயே போட்டு ஓரம் சிவக்க விடு. பட்டாணியை வேகவைக்காதே, கடைசியில் போட்டுக் கிளறினால் அந்தச் சூடே போதும். இறக்கியபின் ஒரு பெரிய கரண்டி புளிப்புக் கிரீம். நீ சொல்லும் ருசி அதுதான். எங்கள் வீட்டில் எதில்தான் புளிப்புக் கிரீம் போடவில்லை!

என்ன சொன்னாள் என்று எழுது. இங்கே குளிர் கொல்கிறது. மெட்ரோவுக்கு இடுப்பு வலி. பூனை குட்டி போட்டிருக்கிறது.

உன் வரவையும் உன் கடிதத்தையும் எதிர்பார்க்கும்
ஸ்டெஃபி


வின்னிபெக்
பிப்ரவரி 1, 1993

அன்புள்ள ஆன்ட்டி,

சாப்பிட்டாள்!

நான் அடுப்பைப் பற்றவைத்ததும் சுவரோடு ஒட்டிக்கொண்டாள். வேலை முடிந்து தட்டில் போட்டுக் கூப்பிட்டேன். வரவில்லை.

"ஸ்டவ்வ அணைச்சியா?"

"அணைச்சுட்டேன்டா."

"காட்டு."

அவளைத் தூக்கிக் காட்டினேன். ஒவ்வொரு திருகாகத் தொட்டுப் பார்த்தாள். உட்கார்ந்து நாலு வாய் சாப்பிட்டாள். "இன்னொரு தடவ காட்டு" என்றாள். மறுபடி தூக்கினேன். மூலையில் திருமதி பிரூயிட்டின் பேனா ஓடிக்கொண்டே இருந்தது.

பிறகு பட்டாணியை ஒவ்வொன்றாகப் பொறுக்கி என் தட்டில் போட்டாள். "பச்சையெல்லாம் பெரியவங்களுக்கு" என்றாள். நான் சிரித்துவிட்டேன், அவளும் சிரித்தாள். தட்டை வழித்துச் சாப்பிட்டாள் ஆன்ட்டி. சாசேஜை நான் கருக்கிவிட்டேன். அதையும் சாப்பிட்டாள்.

நேரம் முடிந்ததும் தானே கோட்டை மாட்டிக்கொண்டாள். கதவருகே நின்று, "சாப்பாடு குடுத்ததுக்கு ரொம்ப நன்றி" என்றாள். விருந்தாளி சொல்வதுபோல. என் மகள் என்னிடம் அப்படிச் சொன்னாள்.

இப்போது ஒன்று கேட்கப்போகிறேன். கோபித்துக்கொள்ளாதீர்கள். அவளை வைத்திருக்கும் வீட்டில் இரட்டைக் குழந்தை பிறக்கப்போகிறது. மார்ச்சுக்கு மேல் வைத்துக்கொள்ள முடியாதாம். ஜூனில்தான் நீதிமன்றத்தில் என் வழக்கு. அதுவரை இன்னொரு புது வீடு, புது முகங்கள். நீங்கள் இப்போது பிள்ளைகளை எடுப்பதில்லை என்று தெரியும். ஆனாலும் அவளை நீங்கள் வைத்துக்கொள்வீர்களா? உங்களிடம் இருந்தால் நான் தூங்குவேன்.

ரோன்டா


டாஃபின்
பிப்ரவரி 14, 1993

ரோனிக் கண்ணுக்கு,

உன் கடிதத்தை மேசையில் வைத்து நானும் மெட்ரோவும் இரண்டு பக்கமும் உட்கார்ந்திருந்தோம்.

"நமக்கு என்ன வயசுன்னு தெரியுமா உனக்கு?" என்றார்.

"தெரியும். உங்களவிட ரெண்டு வயசு கம்மி எனக்கு."

"அஞ்சு வயசுப் புள்ள பின்னாடி யாரு ஓடறது? என் இடுப்பா?"

நான் பாத்திரம் தேய்க்கப் போய்விட்டேன். கொஞ்ச நேரத்தில் மாடியில் சுத்தியல் சத்தம். சின்ன அறையின் ஜன்னல் சட்டத்தைச் சரிசெய்துகொண்டிருந்தார்.

குழந்தைகள் நல அலுவலகத்துக்குப் போன் செய்துவிட்டேன். வீட்டைப் பார்க்க வருகிறார்களாம். குழந்தை வரட்டும். நீ தூங்கு.

ஸ்டெஃபி


டாஃபின்
ஏப்ரல் 20, 1993

ரோனிக் கண்ணுக்கு,

உன் மகள் நலம். உடம்பு கொஞ்சம் பூசியிருக்கிறது. காலையில் எழுந்ததும் மெட்ரோவின் காலணியை மாட்டிக்கொண்டு பூனைக்குட்டிகளை எண்ணப் போய்விடுவாள். அவரும் பின்னாலேயே போகிறார். இடுப்பு வலி எங்கே போனது என்று கேட்டால் முறைக்கிறார்.

மேக்ரோனி கேட்டாள், செய்து கொடுத்தேன். தட்டைப் பார்த்துவிட்டு, "எங்கம்மா சாசேஜக் கருக்கிப் போடுவாங்க. உங்களுக்குக் கருக்கத் தெரியாதா?" என்றாள். மெட்ரோ சிரித்துச் சிரித்து இருமினார். மறுபடி வாணலியில் போட்டுக் கருக்கிக் கொடுத்தேன். ஸ்டவ்வைக் காட்டச் சொல்லிக் கேட்பதை ஈஸ்டரோடு விட்டுவிட்டாள்.

இன்னொன்று. நீ பஸ்ஸில் வந்து பார்த்துவிட்டுப் போகிறாயே, அதன்பின் இரண்டு மூன்று நாள் படுக்கையை நனைக்கிறாள். சாப்பாட்டைத் தலையணைக்கு அடியில் ஒளித்துவைக்கிறாள். குற்றமாகச் சொல்லவில்லை, உனக்குத் தெரியவேண்டும் என்று எழுதுகிறேன்.

பள்ளிக்கூடத்தில் செப்டம்பருக்குப் பெயர் பதியச் சொன்னார்கள். பதிந்துவைத்தேன். சும்மா ஒரு முன்னேற்பாடுதான்.

அன்புடன்
ஸ்டெஃபி


வின்னிபெக்
மே 17, 1993

ஸ்டெஃபி ஆன்ட்டிக்கு,

இன்று திருமதி பிரூயிட் என்னைக் கூப்பிட்டு உட்காரவைத்துச் சொன்னார். மிஸ்டி இன்னும் ஒரு வருடமாவது உங்களிடமே இருப்பது நல்லது என்று நீங்கள் சொன்னீர்களாம். என்னிடம் ஒரு வார்த்தை சொல்லவில்லை. போன வாரம் உங்கள் சமையலறையில் உட்கார்ந்து உங்கள் ரொட்டியைச் சாப்பிட்டேன். ஊருக்கு எடுத்துப்போ என்று முட்டைகூடக் கட்டிக் கொடுத்தீர்கள். அப்போதும் சொல்லவில்லை.

நான் அவளைப் பார்த்துக்கொள்ளத்தான் கேட்டேன். வைத்துக்கொள்ளச் சொல்லவில்லை.

சாயங்கால வேலையை விட்டுவிட்டேன். ஆஸ்பத்திரி சலவைக்கூடத்தில் பகல் வேலை. பிள்ளை வளர்ப்பு வகுப்புக்குப் போகச் சொன்னார்கள், போகிறேன். சுவருக்கு நானே வர்ணம் அடித்தேன். எந்த நாளும் பஸ்ஸைத் தவறவிடவில்லை. பனிப்புயல் வந்து சாலையை மூடிய அந்த ஒரு வாரம் தவிர. அதையும் எழுதிக் கொடுத்தீர்களா?

எனக்கு ஒன்று மட்டும் புரியவில்லை. என் அம்மா என்னைத் திரும்பக் கூட்டிப்போக உங்கள் வாசலில் வந்து நின்றபோது நான் மாடிப்படியில் உட்கார்ந்து கம்பியைப் பிடித்துக்கொண்டு "நான் போகமாட்டேன்" என்று அழுதேன். நீங்கள் என் பெட்டியைக் கட்டி, தலைவாரி, அனுப்பிவைத்தீர்கள். யாரிடமும் ஒரு வருடம் கேட்கவில்லை. என் மகளுக்கு மட்டும் கேட்கிறீர்கள். நான் என்ன குறைந்துபோனேன்?

ரோன்டா


டாஃபின்
மே 23, 1993

ரோனிக்கு,

உன்னிடம் சொல்லாமல் அவர்களிடம் சொன்னது தவறுதான். உன் முகத்துக்கு நேரே சொல்ல எனக்கு வாய் வரவில்லை. ஆனால் சொன்னதை மாற்றமாட்டேன். ராத்திரி சாப்பாடு ஒளிக்கும் குழந்தையை நான்தான் பார்க்கிறேன். கேட்டார்கள், கண்ணில் பட்டதைச் சொன்னேன்.

நீ குறைந்துபோகவில்லை. உன்னை அனுப்பச் சொல்லி உத்தரவு வந்தது, உன் அம்மா திருந்திவிட்டாள் என்றார்கள், நாங்களும் நம்பினோம். அதன்பிறகு உனக்கு என்ன ஆனது என்று நீயேதான் போன மாதம் என் மேசையில் உட்கார்ந்து சொன்னாய். பதினாறு வயதில் பேருந்து நிலையத்தில் படுத்துக்கிடந்தாய் என்று. அதைக் கேட்டபின் எப்படி வாயை மூடிக்கொண்டு இன்னொரு பெட்டியைக் கட்டுவேன்?

நீ உன் அம்மா இல்லை. அது எனக்குத் தெரியும். ஆனால் பயம் நமக்குத் தெரிந்ததைக் கேட்டு நடப்பதில்லையே, கண்ணு.

வழக்கு நாளில் வருவேன். கேட்டால் எல்லாவற்றையும் சொல்வேன், நல்லதையும் சேர்த்து.

ஸ்டெஃபி


வின்னிபெக்
ஜூலை 25, 1993

ஸ்டெஃபி ஆன்ட்டிக்கு,

உங்கள் இரண்டு கடிதமும் பார்சலும் வந்தன. கவுனும் காலுறைகளும் அவளுக்குச் சரியாக இருக்கின்றன. பதில் போடாமல் இருந்தது மறதியால் இல்லை.

நீதிபதி உங்களைக் கேட்டபோது நான் மேசையைப் பார்த்துக்கொண்டிருந்தேன். "பனிப்புயல் வந்த வாரம் தவிர அந்தப் பொண்ணு வராத வாரமே இல்ல. வந்தா கோட்டக்கூடக் கழட்டாம புள்ளயத் தூக்கிக்கும். எனக்குப் பயமா இருக்கு, அவ்வளவுதான். பயத்துக்காகப் புள்ளயப் பிரிச்சு வைக்கலாமான்னு எனக்குத் தெரியல" என்றீர்கள். நான் நிமிர்ந்து பார்க்கவில்லை. வெளியே மெட்ரோ அங்கிள் மிஸ்டியைத் தோளில் வைத்துக்கொண்டு நின்றார். அவரிடமும் பேசாமல்தான் வாங்கிக்கொண்டேன். அவர் தொப்பியை எடுத்துவிட்டு அப்படியே நின்றது இப்போதும் கண்ணில் இருக்கிறது.

நீங்கள் அன்றைக்கு அப்படிச் சொல்லியிருக்காவிட்டால் இவள் என்னிடம் வந்திருக்கமாட்டாள் என்று வக்கீல் சொல்கிறார். மே மாதத்தில் நீங்கள் சொன்னதால்தான் கிட்டத்தட்டக் கையைவிட்டுப் போனாள். இரண்டையும் ஒரே ஆள்தான் செய்தீர்கள். நன்றி சொல்ல வாயைத் திறந்தால் கோபம் வருகிறது, திட்டலாம் என்றால் அழுகை வருகிறது.

மிஸ்டி முதல் வாரம் அழுதாள். இப்போது பரவாயில்லை. சாப்பாட்டை இன்னும் ஒளிக்கிறாள். நான் திட்டுவதில்லை. ஒரு தகர டப்பா கொடுத்து, இதில் வைத்துக்கொள், எறும்பு வராது என்றேன். அன்றைக்குக் கதவை உடைத்த மேல்வீட்டுக் கிழவருக்கு அவளைப் பிடித்துப்போய்விட்டது. பகலில் ஒரு நல்ல காப்பகம் கிடைத்திருக்கிறது.

இனி கொஞ்சகாலம் எழுத வேண்டாம். பார்சலும் வேண்டாம். தண்டனையாகச் சொல்லவில்லை. உங்கள் கையெழுத்தைப் பார்த்தாலே என் வீட்டை யாரோ கதவிடுக்கில் பார்த்துக்கொண்டிருப்பதுபோல இருக்கிறது. அது போகவேண்டும். எப்போது போகும் என்று தெரியவில்லை. போகாமலே இருக்கலாம். போனால் நானே எழுதுவேன்.

ஒன்று மட்டும் சொல்லிவிட்டு முடிக்கிறேன். நேற்று மத்தியானம் குளித்துக்கொண்டிருந்தவள் உள்ளேயிருந்து, "ஸ்டெஃபீ, துண்டு!" என்று கூப்பிட்டாள். அவளுக்கே தெரியாமல் வந்துவிட்டது. நான் துண்டைப் பிடித்துக்கொண்டு கதவுக்கு வெளியே கொஞ்சம் நின்றேன். மறுபடியும் கூப்பிட்டாள்.

"இதோ வந்துட்டேன்"னு சொல்லி உள்ளே போனேன்.

ரோன்டா